முகம் எந்தப் பக்கம் பார்க்க வேண்டும்

அந்தத் திங்கட்கிழமை ஆழ்வார்பேட்டை அலுவலகத்தின் கூட்ட அறையில் ஐந்து பேர் இருந்தோம். நம் பத்திரிகையின் ஆசிரியர் அம்மா, விளம்பரப் பிரிவு மேலாளர், தியாகராய நகர் ஜவுளிக்கடை ஒன்றின் மேலாளர், கடைசிப் பக்கக் கார்ட்டூன் வரைகிறவள், பிறகு பக்கம் வடிவமைக்கிற நான். ஜவுளிக்கடை மேலாளரை அங்கே எல்லோரும் அண்ணாச்சி என்றுதான் கூப்பிட்டார்கள். வராதவள் ஒருத்தி. பேச்சு முழுக்க அவளைப் பற்றித்தான். அவளுடைய முகம் மேசை நடுவில், பத்திரிகையின் கடைசிப் பக்கத்தில் கிடந்தது. அவளோ அந்த நேரம் கடை விடுதியில் பெட்டியைக் கட்டுவதா வேண்டாமா என்று தெரியாமல் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்திருந்தாளாம். பிறகுதான் தெரிந்தது.

வடிவமைப்பு மேசைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்கள் நான்கு பேருக்கும் இதைச் சொல்லிவிட்டுப் போகலாம் என்று நினைத்தேன். இந்த வெள்ளிக்கிழமையோடு நான் கிளம்புகிறேன். பெருங்குடியில் ஒரு கம்பெனி. செல்போன் செயலிக்குப் பொத்தான் வரைகிற வேலை. முப்பத்திரண்டு வயதில் இவன் என்ன ஓய்வுபெற்றவன் மாதிரி பேசுகிறான் என்று சிரிக்காதீர்கள். வேலையை உங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை, என்னைவிட வேகமாகவே செய்கிறீர்கள். ஒரு படத்தைத் திருப்புகிற பொத்தானை அழுத்தினால் என்னவெல்லாம் திரும்பும் என்பதை மட்டும் சொல்கிறேன்.

முதலில் கார்ட்டூன் வரைகிறவளைப் பற்றி. பெயரைச் சொன்னால் கோபித்துக்கொள்வாள். படத்தின் மூலையில் கையெழுத்துக்குப் பதிலாக ஒரு ஊக்கு வரைவாள். அதனால் அலுவலகத்தில் அவளுக்கு ஊக்கு என்றே பெயர். என்னைவிட மூன்று வயது பெரியவள் என்பதால் எனக்கு ஊக்கு அக்கா. வேலைக்குச் சேர்ந்த வாரமே கேட்டேன்.

“ஏன்க்கா ஊக்கு?”

“நீ பஸ்ல போவியா?”

“டெய்லி. இருபத்தொன்பது சி.”

“பொண்ணுங்க கையில ஒண்ணு வச்சிருப்பாங்களே, பாத்ததில்ல?”

பார்த்திருக்கிறேன். எதற்கென்று யோசித்ததில்லை. அன்று சாயங்காலம் பஸ்ஸில் பெண்களின் விரல்களை எண்ணிக்கொண்டே போய், ஒரு அம்மாவிடம் முறைப்பு வாங்கினேன்.

அவள் இங்கே வந்தது கோலப் பக்கத்துக்கும் சமையல் பக்கத்துக்கும் படம் போட. அப்போதெல்லாம் கடைசிப் பக்கத்தில் பூரிக்கட்டை ஜோக்தான்: மனைவி ஓங்குவாள், கணவன் ஓடுவான். வழக்கமாக வரைபவர் ஒரு வாரம் லீவு. ஆசிரியர் அம்மா இவளிடம், “நீயே ஒரு பூரிக்கட்டை ஜோக் போட்டுக் குடுத்துடேன்” என்றார். இவள் வரைந்ததிலும் பூரிக்கட்டை இருந்தது. சமையலறையில் ஒரு இழுப்பறை பாக்கியில்லாமல் திறந்துபோட்டு, தலைகீழாகத் தேடிக்கொண்டிருக்கிறான் கணவன். வாசற்படியில் பூரிக்கட்டையைக் கையில் வைத்துக்கொண்டு, எப்போது கண்டுபிடிப்பான் என்று வேடிக்கை பார்க்கிறாள் மனைவி. ஒரு எழுத்துகூட இல்லை. அந்த வாரம் கடிதம் குவிந்தது. பாதி, ‘எங்கள் வீட்டில் எப்படி வந்து பார்த்தீர்கள்?’ மீதி, ‘குடும்பத்தைக் கெடுக்காதீர்கள்.’ அதிலிருந்து கடைசிப் பக்கம் அவளுடையது.

எழுத்தில்லாத படம் என்பது எனக்குத் தனியாக முக்கியம். எங்கள் வீடு நொச்சிக்குப்பத்தில். அப்பா கடலுக்குப் போகிறவர், அம்மா மீன் விற்கிறவர். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் முடித்த முதல் ஆள் நான்தான். நான் வேலை செய்கிற பத்திரிகையில் அம்மாவால் படிக்க முடிந்தது அந்த ஒரு பக்கம்தான். வெள்ளிக்கிழமை பத்திரிகையைக் கொண்டுபோனால் பின்பக்கமிருந்துதான் திறப்பார்.

எனக்கு எதையும் எண்ணிப் பார்க்கிற புத்தி. ஊக்கு அக்காவின் பழைய படங்களையெல்லாம் ஒருநாள் எடுத்துவைத்துப் பார்த்ததில் ஒன்று தெரிந்தது. அவள் படங்களில் ஆண்கள் அநேகமாக உட்கார்ந்திருக்கிறார்கள். பெண்கள் நிற்கிறார்கள். ஓடிப்போய்ச் சொன்னேன். “அப்படியா?” என்று அவளே ஆச்சரியப்பட்டாள். “நான் எண்ணலடா. பாக்கறதைத்தான் போட்டேன்.”

இப்படி ஆயிரம் கேள்வி கேட்டவன், கேட்க வேண்டிய ஒரு கேள்வியைக் கேட்காமல் விட்டேன். அதுதான் விஷயம்.

அந்த வாரப் படம் இது. ஜவுளிக்கடையில் ஒரு விற்பனைப் பெண், ஒற்றைக் காலில் எடையைப் போட்டுக் கொக்கு மாதிரி நின்றுகொண்டு புடவை விரிக்கிறாள். அவள் பின்னால் ஒரு ஸ்டூல். அதில் ஒரு புடவைக் கட்டு, கால்மேல் கால் போட்டு, ஜம்மென்று காபி குடித்துக்கொண்டிருக்கிறது. அவ்வளவுதான் படம். பார்த்ததும் சிரித்தேன். பிறகு பக்கத்தில் வைத்துப் பார்த்தால், அந்தப் பெண்ணின் முகம் இடது பக்கம் பார்க்கிறது. நம் கடைசிப் பக்கம் இடதுகைப் பக்கம், எதிரே பின் அட்டையின் உள்பக்கம். ஆக, அவள் பத்திரிகைக்கு வெளியே பார்க்கிறாள்.

உங்களுக்கும் முதல் நாளே சொல்லியிருப்பார்கள்: முகம் பக்கத்துக்குள்ளே பார்க்க வேண்டும், வெளியே பார்த்தால் வாசகர் கண்ணும் கூடவே வெளியே போய்விடும். எனக்கும் அதைத்தான் சொன்னார்கள். நான் அதை வேதவாக்காக வைத்திருந்தேன். வியாழக்கிழமை, பக்கம் அச்சுக்குப் போக இருபது நிமிடம். படத்தைத் திருப்பினேன். முகம் உள்ளே பார்த்தது. மூலையில் இருந்த ஊக்கும் இடம் மாறிவிட்டது. அதை மட்டும் வெட்டி, வழக்கமான வலது மூலைக்குக் கொண்டுவந்தேன்.

இதைக் கவனியுங்கள். ஊக்கை நகர்த்தினேன் என்றால், செய்வது அடுத்தவர் பொருளில் கை வைக்கிற வேலை என்று எனக்குத் தெரிந்திருக்கிறது. அவளுக்கு ஒரு போன் போட்டிருக்கலாம். இதற்கெல்லாமா போன் என்று விட்டுவிட்டேன்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் வீட்டில் அம்மா பின்பக்கத்தைத் திறந்தார். ஸ்டூலைப் பார்த்துச் சிரித்தார். அப்புறம் சிரிப்பு நின்றது.

“டேய், இன்னாடா இது? இந்தப் பொண்ணு முந்தானைய சோத்தாங்கைப் பக்கம் போட்டுகினு கீது?”

“எங்கம்மா?”

“கண்ணு இன்னா அவிஞ்சா பூட்ச்சி? பாரு. ஊர்ல எவளாச்சும் இப்டிப் போடுவாளா? அந்தப் பொண்ணு ஒயுங்கா வரையறவளாச்சே. எவனோ நடுவுல கை வச்சிகிறான்.”

அந்த எவனோ எதிரில் உட்கார்ந்து நெத்திலிக் குழம்பு சாப்பிட்டுக்கொண்டிருந்தான். படத்தைத் திருப்பினால் முந்தானையும் வலது தோளுக்குப் போய்விடும் என்று எனக்குத் தோன்றவே இல்லை. முகத்தை மட்டும்தான் பார்த்திருந்தேன். ஊக்கு அக்கா அச்சான படத்தைத் திரும்பப் பார்க்க மாட்டாள், அது அவள் பழக்கம். யாரும் கவனிக்க மாட்டார்கள் என்று சனி, ஞாயிறு இரண்டு நாளும் வாயை மூடிக்கொண்டிருந்தேன்.

திங்கட்கிழமை அண்ணாச்சி வந்தார்.

சத்தம் போடுவார் என்று எதிர்பார்த்தோம். போடவில்லை. பத்திரிகையை மேசையில் மெதுவாக வைத்தார்.

“அம்மா, நான் சண்டைக்கு வரல. எத்தன வருசமா உங்களுக்கு விளம்பரம் தாரோம். இந்தப் பக்கத்துக்கு நேர் எதுத்த பக்கம் எங்க விளம்பரம். இந்தப் பிள்ளை அதையேல்லா மொறச்சுப் பாத்துக்கிட்டு நிக்கா.”

அப்போதுதான் எனக்கே உறைத்தது. திருப்பியதில் அவள் பார்வை நேராக எதிர்ப்பக்கத்தில் போய் விழுந்திருந்தது. விளம்பர மேலாளர் என் பக்கம் பார்த்தார். நான் கூரை மின்விசிறியைப் பார்த்தேன்.

“அதுகூடப் போகட்டும்” என்றார் அண்ணாச்சி. “இது எங்க கடைப் பிள்ளை. மூணாவது மாடி. வலப்பக்கம் மூக்குத்தி, வலது புருவத்துல வெட்டு. சின்னதுல கெணத்துப் படியில விழுந்தது. அவ ஊருக்கு அடுத்த ஊருதான் நான், எனக்குத் தெரியாதாக்கும்? கடை விசயத்த வெளியாளுட்டச் சொல்லுத பிள்ளைய எப்பிடிம்மா வச்சுக்கிட முடியும்? இன்னைக்கு மாடிக்கு வரண்டாம்னு சொல்லியாச்சு. சாயங்காலத்துக்குள்ள கணக்க முடிச்சு அனுப்பச் சொல்லி மொதலாளி உத்தரவு.”

அனுப்புவது என்றால் என்ன என்று உங்களுக்குப் புரிய வேண்டும். அந்தப் பெண்கள் தங்குவது கடை நடத்துகிற விடுதியில். வேலை போனால் அன்றைக்கே கட்டிலும் போகும், சாப்பாடும் போகும். சாயங்காலம் பெட்டியோடு தெருவில் நிற்க வேண்டியதுதான்.

ஊக்கு அக்கா அப்போதுதான் முதல்முறையாகப் பத்திரிகையைத் தன் பக்கம் இழுத்துப் பார்த்தாள். அவள் விரல் அந்த முந்தானையில் போய் நின்றது. “ஒரிஜினல எடுத்துட்டு வரேன்” என்று எழுந்தவள், போகிற போக்கில் என் நாற்காலியைத் தட்டினாள்.

ஜெராக்ஸ் மிஷின் பக்கத்தில் நின்றோம்.

“திருப்புனது நீயா?”

“ஆமாக்கா. முகம் வெளியே பாத்துச்சு. அதான்.”

“ஊக்கையும் நகத்தியிருக்க.”

“ஆமா.”

திட்டுவாள் என்று நினைத்தேன். அவள் ஒரிஜினலை எடுத்து என் முன்னால் பிடித்தாள். அதில் மூக்குத்தி இடப்பக்கம். புருவத்து வெட்டும் இடப்பக்கம். முந்தானை இடது தோளில்.

“நான் எப்பவும் நிஜ ஆளைப் பாத்துத்தான் வரைவேன். அந்தக் கடையில ஒரு மணி நேரம் லைனிங் துணி வாங்கற மாதிரி நின்னு பாத்தேன். அவ எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல. மீட்டர் என்ன விலைன்னு மட்டும்தான் சொன்னா. வீட்டுக்கு வந்து முகத்தை வரைஞ்சு, தாளை ஜன்னல்ல ஒட்டி, பின்பக்கமா படி எடுப்பேன். அப்புறம்தான் உடம்பு, புடவை எல்லாம் ஒழுங்கா போடுவேன். எட்டு வருஷமா இப்படித்தான்.”

“எதுக்குக்கா?”

“கண்ணாடியில தெரியற முகம் அவங்கவங்களுக்கு மட்டும்தான் தெரியும். அவ இந்தப் படத்தைப் பாத்தா, ‘அட, இது நான்’னு அவளுக்குத் தோணும். பக்கத்துல நிக்கறவனுக்குத் தோணாது.”

எட்டு வருடமாக ஒவ்வொரு பெண்ணையும் இப்படி மறைத்து வைத்திருக்கிறாள். நான் ஒரு பொத்தானை அழுத்தி ஒருத்தியை வெளியே இழுத்துப் போட்டுவிட்டேன்.

“கற்பனைப் படம்னு சொல்லிடலாமே” என்றேன்.

“மாட்டேன். இன்னைக்கு இதைக் கற்பனைன்னு சொன்னா, நாளைக்கு நான் போடற எல்லாத்தையும் கற்பனைன்னு சொல்லுவாங்க. நான் பொய் சொல்லப் போறதில்ல. நீ உண்மையைச் சொல்லு, போதும்.”

வரைபவரைக் கேட்காமல் படத்தில் கை வைத்த ஒருவரை ஆசிரியர் அம்மா அன்றைக்கே வீட்டுக்கு அனுப்பிய கதை இங்கே எல்லோருக்கும் தெரியும். எங்கள் வீட்டில் மாதாமாதம் சம்பளம் என்று வருவது என் ஒருவனுக்குத்தான்.

“அக்கா, வேலை போயிடும்.”

“யார் வேலை?” என்றாள்.

நெருக்கடியில் எப்படி முடிவெடுப்பது என்று பெரியவர்கள் நிறையச் சொல்வார்கள். எனக்குக் கிடைத்தது இந்த இரண்டு வார்த்தைதான். நான் யாருடைய வேலையைப் பற்றி யோசித்துக்கொண்டிருந்தேன் என்பது அந்தக் கேள்வியில்தான் எனக்கே தெரிந்தது.

உள்ளே போய், உட்காராமல், கடகடவென்று சொன்னேன். “படத்தைத் திருப்பினது நான். யாரையும் கேக்கல. முந்தானையைப் பாருங்க, வலது தோள்ல இருக்கு. இப்படி யாரும் கட்ட மாட்டாங்க. ஒரிஜினல் இதோ இருக்கு.”

அண்ணாச்சி இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். ஒரிஜினலில் இருந்த பெண் அவருக்கு யாரோ ஒருத்தி. நானும் நம்ப முடியாமல்தான் பார்த்தேன். அதே கோடுகள். பக்கம் மாறியதும் வேறு ஆள்.

“முந்தானைய நான் கவனிக்கலியே” என்றார். “இது எங்க பிள்ள மாதிரி இல்லதான்.” ஆனால் வியாபாரி அல்லவா, விடவில்லை. ஊக்கு அக்காவைப் பார்த்துக் கேட்டார்: “அப்பம் யாரப் பாத்தும்மா வரஞ்சிய?”

அவள் பொய் சொல்ல மாட்டாள் என்று எனக்கு மட்டும்தான் தெரியும்.

“அண்ணாச்சி, உங்க மூணாவது மாடியில பொண்ணுங்க உக்கார ஸ்டூல் இருக்கா?”

“இல்லாம? சட்டமே இருக்குல்லா. எல்லா மாடியிலயும் போட்டிருக்கு.”

“அதுல பொண்ணுங்கதான் உக்கார்றாங்களா?”

“பின்ன யாரு உக்காருவா?”

“அப்ப இது உங்க கடையா இருக்காது அண்ணாச்சி. இந்தப் படத்துல புடவைதான் உக்காந்திருக்கு.”

விளம்பர மேலாளருக்கு இருமல் வந்துவிட்டது. ஆசிரியர் அம்மா பேனாவை மூடி வைத்தார்.

“நீங்க சொல்றது சரி. தப்பு எங்க மேலதான். அடுத்த இதழ்ல படத்தை நேராப் போட்டு வருத்தமும் போட்டுடறோம். பக்கத்துலயே உங்க கடை ஃபோட்டோ ஒண்ணு போடலாமே? பொண்ணுங்க எல்லாரும் ஸ்டூல்ல உக்காந்திண்டு இருக்கற மாதிரி. நாலு பேர் பாத்தா உங்களுக்கும் பேருதானே. புதன்கிழமை ஃபோட்டோகிராஃபரை அனுப்பறேன்.”

அண்ணாச்சி அவரைப் பார்த்துத் தலையை ஆட்டினார். தோற்ற மாதிரியும் இல்லை, கோபமும் இல்லை. நல்ல ஆட்டத்தைப் பார்த்த மாதிரி இருந்தது.

“சாயங்காலமா வரச் சொல்லுங்க. காலையில கூட்டமா இருக்கும்.”

வெளியே போய் மாடிப்படியில் நின்று போன் பேசினார். எங்களுக்குக் கேட்டது. “ஏலே, அந்தப் பிள்ளைய மாடிக்கு வரச் சொல்லு. ஆமா. இப்பமே.”

ஊக்கு அக்கா தண்ணீர் பாட்டிலைத் திறந்து பாதியைக் குடித்தாள்.

ஆசிரியர் அம்மா என்னைப் பார்த்தார். “உன்னை அனுப்பறதா வேண்டாமான்னு யோசிச்சேன். நீயா வந்து சொன்னதால இருக்கற. ஆனா வருத்தம்னு போடறப்ப உன் பேரும் சேர்ந்து வரும்.”

அப்படித்தான் வந்தது. ‘படம் இடவலம் மாறி அச்சானதற்கு வடிவமைப்பாளர்’ என்று ஆரம்பித்து, என் முழுப் பெயர். பத்திரிகையில் என் பெயர் வந்தது அதுதான் முதல் தடவை. என் அம்மா எந்த இடம் என்று கேட்டு, அதில் விரல் வைத்துப் பார்த்துவிட்டு, மறுநாள் மீன் கூடையோடு பத்திரிகையையும் கொண்டுபோய்விட்டார். “எம் புள்ள பேரு பொஸ்தவத்துல வந்துகீது” என்று சந்தை முழுக்கக் காட்டியிருக்கிறார். எதற்காக வந்தது என்று நானும் சொல்லவில்லை, கேட்டவர்களிலும் முக்கால்வாசிப் பேர் படிக்கத் தெரியாதவர்கள்.

ஒரு சந்தேகம் மட்டும் எனக்குப் போகவே இல்லை. நான் சொன்னது அத்தனையும் உண்மை. ஆனால் அந்த உண்மையை வைத்துத்தானே அண்ணாச்சியின் கண்ணை மறைத்தோம்? ஊக்கு அக்காவிடமே கேட்டேன்.

“நீ பொய் சொன்னியா?”

“இல்ல.”

“அப்ப போய்ச் சாப்பிடு.”

அது பதில் இல்லை என்று அவளுக்கும் தெரியும். நீங்கள் யோசித்துப் பாருங்கள். எனக்கு இன்னும் தெரியவில்லை.

அதன் பிறகு அவள் படத்தில் முகம் வெளியே பார்த்தால் நான் பக்கத்தையே மாற்றிப் போடுவேன், இல்லாவிட்டால் போன் செய்வேன். ஒரு படத்தில் ஒரு முகம் வேறு எங்கோ பார்க்கிறது என்றால், அதற்கு ஒரு காரணம் இருக்கலாம். அந்தக் காரணம் ஒரு ஆளாகவே இருக்கலாம். முந்தானை எந்தத் தோளில் என்று எப்போதும் பாருங்கள். அதைச் சரிபார்க்க என் அம்மா மாதிரி ஒருவர் உங்கள் வீட்டில் இருந்தால் நல்லது.

இதையெல்லாம் எழுதி அந்தப் பெண்ணை மறுபடியும் காட்டிக்கொடுக்கிறேனே என்று நினைக்காதீர்கள். அவள் இப்போது அந்தக் கடையில் இல்லை. வேறு ஊரில் சொந்தமாகத் தையல் கடை வைத்திருக்கிறாள். அதற்கும் மேல், மாடி எண்ணை மாற்றியிருக்கிறேன். மூக்குத்தி எந்தப் பக்கம் என்று நான் சொன்னதையும் நம்பிவிடாதீர்கள். ஊக்கு அக்காவிடம் கற்றது அது.

புதன்கிழமை ஃபோட்டோகிராஃபரோடு நானும் போனேன். அவளைப் பார்க்க வேண்டும் என்று இருந்தது. மூன்றாம் மாடியில் எட்டுப் பெண்கள் எட்டுப் புது பிளாஸ்டிக் ஸ்டூல்களில் உட்கார்ந்திருந்தார்கள். உட்கார்ந்து பழக்கமில்லாததால் பரீட்சை எழுத வந்தவர்கள் மாதிரி விறைப்பாக இருந்தார்கள். கடைசி ஸ்டூலில், புருவத்தில் வெட்டோடு இருந்தவள், கேமராவைத் தூக்கியதும் முகத்தைத் தானாகவே மறுபக்கம் திருப்பிக்கொண்டாள். யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை.

படம் எடுத்து முடித்ததும் பக்கத்தில் போனேன். “அந்தப் படத்தைப் பாத்தீங்களா?” என்றேன்.

“பாத்தேன். விடுதியில எல்லாரும் நீதாம்ட்டி நீதாம்ட்டின்னாளுவ. எனக்கு நானா தெரியவே இல்ல” என்றாள். “வெள்ளிக்கிழம நேராப் போடுவியளாம்லா, அதையும் பாக்கணும்.”

“ஸ்டூல் எல்லாம் புதுசா?”

சிரிப்பை அடக்க முடியாமல் வாயைப் பொத்திக்கொண்டாள். “பழசு ரெண்டுதான் இருந்துச்சு. புடவை அடுக்கி அடுக்கிக் காலு பிஞ்சு போச்சு. நேத்து அண்ணாச்சி எங்கையிலதான் துட்டக் குடுத்து, ரெங்கநாதன் தெருவுக்குப் போயி வாங்கிட்டு வான்னாவ. ஒண்ணு முந்நூத்தி எண்பதுன்னான் கடைக்காரன். எட்டு எடுக்கேம்லா, முந்நூத்தம்பதுக்குத் தா, இல்லன்னா அடுத்த கடைன்னேன். தந்துட்டான். எட்டையும் தலையில சொமந்துட்டு வரவா முடியும்? ஆட்டோல ஏறிட்டேன்.”

அந்த மாடி திறந்து பதினான்கு வருடமாம். எட்டுப் பேர் உட்காருவதற்குக் கடைக்குக் கடைசியில் ஆன செலவை அவளே விரல்விட்டுக் கூட்டிச் சொன்னாள். ஸ்டூலுக்கு இரண்டாயிரத்து எண்ணூறு, ஆட்டோவுக்கு நூற்று இருபது. மொத்தம் இரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்து இருபது ரூபாய்.